"இவன்தான் கொலைகாரன்!" - பார்த்த சாட்சி விரல் நீட்டினால் போதுமா? 6 பேரை தூக்குக்கயிறு வரை கொண்டுபோன வழக்கு

ஒரு போட்டோ ஆல்பம். போலீசார் வைத்திருக்கும் பழைய கேடிகளின் ஆல்பம்.

அதை ஒரு பெண்ணின் முன்னால் விரித்து வைக்கிறார்கள். இரண்டு நாளைக்கு முன்புதான் அந்தப் பெண்ணின் கணவரையும், பிள்ளைகளையும் ஒரு கும்பல் கொன்று போட்டது. அவரும் செத்துவிட்டார் என்று நினைத்து விட்டுப்போனது. உயிர் மட்டும் மிஞ்சியது.

பக்கம் பக்கமாக புரட்டுகிறார். விரல் நிற்கிறது. ஒன்று... இரண்டு... மொத்தம் 4 படங்கள். "இவர்கள்தான்" என்று அடையாளம் காட்டினார். மாஜிஸ்திரேட்டு அதை எழுதிக்கொண்டார்.

பிறகு நடந்ததுதான் வேடிக்கை. வேடிக்கை என்று சொல்வதா, கொடுமை என்று சொல்வதா?

அந்த 4 பேரில் ஒருவர்கூட கூண்டில் ஏறவில்லை. வேறு 6 பேர் ஏறினார்கள். 6 பேருக்கும் தூக்குத் தண்டனை கிடைத்தது!

கொய்யாத் தோப்பில் பயங்கரம்

மராட்டிய மாநிலத்தில் 2003-ம் ஆண்டு ஜூன் 5-ந் தேதி இரவு நடந்த சம்பவம் இது.

கொய்யாத் தோப்பு ஒன்றில் குடிசை போட்டு வசித்த குடும்பம். ராத்திரி சாப்பாட்டை முடித்துவிட்டு பேசிக்கொண்டு இருந்தார்கள். திடீரென்று ஒரு கும்பல் உள்ளே புகுந்தது. பணத்தையும் நகையையும் பறித்தது. அடித்து நொறுக்கியது. வீட்டுத் தாயையும், 15 வயது மகளையும் பலாத்காரம் செய்தது. விடிந்தபோது 5 பேர் பிணமாக கிடந்தனர். தப்பியவர்கள் இரண்டே பேர். அந்தத் தாயும், ஒரு மகனும்.

அவர்கள்தான் கண்ணால் பார்த்த சாட்சிகள்.

போலீசார் பிடித்த 6 பேரும் நாடோடி இனத்தைச் சேர்ந்த ஏழைக் கூலிகள். நல்ல வக்கீல் வைக்க வசதி இல்லாதவர்கள். 2006-ல் செசன்சு கோர்ட்டு 6 பேருக்கும் தூக்கு விதித்தது. 2007-ல் மும்பை ஐகோர்ட்டு 3 பேருக்கு தூக்கை உறுதி செய்தது; மற்ற 3 பேருக்கு ஆயுளாகக் குறைத்தது. 2009 ஏப்ரலில் சுப்ரீம் கோர்ட்டு மீண்டும் 6 பேருக்கும் தூக்கு என்று தீர்ப்பு கூறியது.

3 கோர்ட்டுகள். மூன்றுமே நம்பியது அந்த 2 சாட்சிகளைத்தான். அந்தத் தாய் பொய் சொல்ல என்ன காரணம் இருக்கிறது? ஒன்றும் இல்லை. அதுதான் இந்த வழக்கின் முடிச்சு.

பொய் சாட்சியும், பிசகிய சாட்சியும்

பொய் சாட்சியை மடக்க நம் வக்கீல்களுக்கு நன்றாகவே தெரியும். கொலை வழக்கு நடக்கும் செசன்சு கோர்ட்டில் ஒருநாள் உட்கார்ந்து பார்த்தால் போதும்.

"ஏம்மா, நீ நின்ன இடத்துக்கும் வெட்டு விழுந்த இடத்துக்கும் எவ்வளவு தூரம்?"

"இங்கேயிருந்து அந்த கதவு வரைக்கும் இருக்குங்க ஐயா."

"தெருவிளக்கு எரிஞ்சுதா?"

"எரிஞ்சுதுங்க."

"விளக்கு எரிஞ்சதை போலீசுகிட்டே சொன்னியா?"

"கேக்கலீங்க."

"கேக்கலை! ஆனா இன்னிக்கு வந்து சொல்றே. போலீஸ் சொல்லிக் கொடுத்ததைத்தானே சொல்றே?"

"இல்லீங்க, நான் பார்த்தேனுங்க."

இப்படித்தான் போகும் குறுக்கு விசாரணை. பொய் சொல்ல வந்தவர் நாலாவது கேள்வியில் உளறிவிடுவார். ஆனால் உண்மையிலேயே பார்த்தவர், உண்மை என்றே நம்பி, தவறான ஆளைக் காட்டினால்? அவர் உளறமாட்டார். கண்ணீர் விடுவார். நீதிபதியின் முகத்தை நேராகப் பார்ப்பார். எவ்வளவு குடைந்தாலும் அசையமாட்டார். அவரைப் பொறுத்தவரை அது பொய்யே இல்லையே!

மனோதத்துவ நிபுணர்கள் இதை ஆராய்ந்து பார்த்திருக்கிறார்கள். கத்தியோ துப்பாக்கியோ நீட்டப்பட்டால், மனுஷனுடைய கண் அந்த ஆயுதத்தின் மேலேயே ஒட்டிக்கொள்கிறதாம். முகத்தில் பதிவது குறைவு. உங்களை ஒருவன் கத்தியோடு மறித்தால் நீங்கள் அவன் மூக்கையா பார்த்துக்கொண்டு இருப்பீர்கள்?

அதைவிட வினோதம், பார்த்ததை நினைத்துப் பார்க்கும்போதே நினைவு மாறிவிடுகிறது என்பது.

அமெரிக்காவில் எலிசபெத் லாப்டஸ் என்ற பெண் நிபுணர் 1974-ல் ஒரு சோதனை முடிவை வெளியிட்டார். மாணவர்களுக்கு கார் விபத்து படத்தைப் போட்டுக் காட்டினார்கள். பிறகு கார் என்ன வேகத்தில் வந்தது என்று கேட்டார்கள். "கார்கள் தொட்டுக்கொண்டபோது" என்று கேட்டவர்களுக்கு சராசரியாக 32 மைல் வேகம் என்று பதில் வந்தது. "நொறுங்க மோதியபோது" என்று கேட்டால் 41 மைல்! படம் ஒன்றுதான். மாறியது ஒரே ஒரு வார்த்தை.

அதோடு முடியவில்லை. இன்னொரு முறை படத்தைக் காட்டி, ஒரு வாரம் கழித்து, "உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா?" என்று கேட்டார்கள். படத்தில் உடைந்த கண்ணாடியே கிடையாது. ஆனால் "நொறுங்க" என்ற வார்த்தையைக் கேட்ட 50 பேரில் 16 பேர் "பார்த்தோம்" என்றார்கள்.

அவர்கள் சும்மா ஒரு படம் பார்த்தவர்கள். நம் ஊரில் கொலையைப் பார்த்த சாட்சி போலீஸ் நிலையத்தில் எத்தனை தடவை, எத்தனை பேரிடம் கதையை சொல்கிறார் என்று எண்ணிப் பாருங்கள். கோர்ட்டில் கூண்டேற சில வருஷம் ஆகிவிடுகிறது.

தலையில் துணி ஏன்?

கைதானவரை போலீசார் தலையில் துணியைப் போட்டு மூடி அழைத்துவரும் படங்களை பத்திரிகையில் பார்த்து இருப்பீர்கள். அவமானத்தை மறைக்க என்றுதான் பலர் நினைக்கிறார்கள். உண்மைக் காரணம் வேறு. அடையாள அணிவகுப்புக்கு முன்பு சாட்சி அவர் முகத்தைப் பார்த்துவிடக் கூடாது!

முன்பின் தெரியாத ஆள் குற்றவாளி என்றால்தான் இந்த அணிவகுப்பு. பக்கத்து வீட்டுக்காரர், பங்காளி என்றால் தேவை இல்லை. பெயரைச் சொன்னாலே போதும்.

அணிவகுப்பு ஜெயிலில் நடக்கும். நடத்துபவர் மாஜிஸ்திரேட்டு. போலீசார் அங்கே நிற்கக் கூடாது. சந்தேக ஆளோடு, அதே வயது, அதே உயரம், அதே தோற்றம் உள்ள வேறு ஆட்களையும் வரிசையில் நிறுத்துவார்கள். எந்த இடத்தில் நிற்பது என்பதை கைதியே தேர்ந்தெடுக்கலாம். ஒரு சாட்சி வந்துபோனதும் இடத்தை மாற்றிக்கொள்ளலாம். முகத்தில் தழும்பு இருந்தால் அந்த இடத்தில் காகிதத் துண்டை ஒட்டி, மற்றவர்கள் முகத்திலும் அதே இடத்தில் ஒட்டும் வழக்கம் வட மாநிலங்களில் உண்டு.

சட்டம் எல்லாம் சரியாகத்தான் இருக்கிறது. நடப்பதில்தான் கோளாறு. எல்லாரும் பேண்ட் போட்டிருக்க, ஒரு ஆளு மட்டும் கசங்கின வேட்டியும், ஒரு மாச தாடியுமா நின்னா சாட்சி யாரைக் காட்டுவார்? அதற்குக் கொலையைப் பார்த்திருக்க வேண்டும் என்பதுகூட இல்லையே!

நாள் கடந்த அணிவகுப்புக்கும் மதிப்பு குறைவு. இடையில் கோர்ட்டு வராந்தாவில் வைத்து "அதோ, அவன்தான்" என்று யாராவது சாட்சிக்கு காட்டி இருக்கலாம் என்று எதிர்த்தரப்பு வக்கீல் கேட்பார். காட்டவில்லை என்று நிரூபிப்பது லேசான காரியம் அல்ல.

அப்படியானால் அணிவகுப்பே நடத்தாமல், நேராக கோர்ட்டில் கூண்டைக் காட்டி "இவன்தான்" என்றால்? கூண்டில் நிற்பவர் யார் என்பது சின்னப் பிள்ளைக்கும் தெரியுமே! கேரள வழக்கு ஒன்றில் 1979-ல் சுப்ரீம் கோர்ட்டு இதை அடித்துச் சொன்னது. முன்பின் தெரியாதவரை முதல் முறையாக கோர்ட்டில் காட்டுகிற அடையாளத்துக்கு, அதற்கு முன் அணிவகுப்பு நடக்காவிட்டால் மதிப்பே இல்லை என்பது அந்தத் தீர்ப்பு.

ஆனால் 2003-ல் அதே சுப்ரீம் கோர்ட்டு, மத்தியபிரதேச வழக்கு ஒன்றில் வேறு மாதிரி கூறியது. கோர்ட்டில் காட்டுவதுதான் உண்மையான சாட்சியம். அணிவகுப்பு அதற்குத் துணை மட்டுமே. அது நடக்காததால் மட்டும் வழக்கு விழுந்துவிடாது என்றது. அது கொலை வழக்கு அல்ல என்றாலும், இன்றும் கொலை வழக்குகளில் அரசு வக்கீல்கள் அதை எடுத்து நீட்டுகிறார்கள். எதிர்த்தரப்பினர் 1979 தீர்ப்பை நீட்டுகிறார்கள். எதை எடுப்பது என்பது நீதிபதியின் கையில்.

நுங்கம்பாக்கத்தில் என்ன நடந்தது?

நம் சென்னைக்கு வருவோம்.

2016-ம் ஆண்டு ஜூன் 24-ந் தேதி காலை. நுங்கம்பாக்கம் ரெயில் நிலையத்தில் இளம்பெண் ஒருவர் வெட்டிக் கொல்லப்பட்டார். பிளாட்பாரத்தில் ஆட்கள் நின்ற நேரம். நகரமே அதிர்ந்தது.

ஒரு வாரத்தில் ஒரு வாலிபர் கைதானார். அடுத்த நாளே அவருடைய படம் டி.வி.யில், பத்திரிகையில், செல்போனில் என்று எங்கும் பரவியது. அதன் பிறகுதான் புழல் ஜெயிலில் அடையாள அணிவகுப்பு நடந்தது!

ஊரே பார்த்துவிட்ட முகத்தை வரிசையில் நிறுத்தினால், சாட்சி நினைவுபடுத்திக் கொள்வது பிளாட்பாரத்தில் பார்த்த முகத்தையா, டி.வி.யில் பார்த்த முகத்தையா? அந்தக் கேள்விக்கு கோர்ட்டில் பதில் கிடைக்கவில்லை. விசாரணை தொடங்கும் முன்பே, செப்டம்பரில் அந்த வாலிபர் ஜெயிலில் இறந்துபோனார்.

படத்தை முந்திக்கொண்டு போட்டதில் பத்திரிகைக்காரர்களாகிய எங்களுக்கும் பங்கு உண்டு. மறுப்பதற்கில்லை.

இதே கேள்வி டெல்லியில் வேறு விதமாக வந்தது. 1999 ஏப்ரல் 29-ந் தேதி நள்ளிரவு வாக்கில் விருந்து விடுதி ஒன்றில் ஜெசிகா லால் என்ற மாடல் அழகி சுடப்பட்டு இறந்தார். "மது இல்லை" என்று சொன்னதுதான் அவர் செய்த குற்றம். அரசியல் பிரமுகரின் மகன் மனு சர்மா மீது வழக்கு. அடையாள அணிவகுப்புக்கு வரமாட்டேன் என்றார் மனு சர்மா. "என் படத்தை ஏற்கனவே சாட்சிகளிடம் காட்டிவிட்டார்கள்" என்றார். கூலி ஆட்களுக்கு இந்த நியாயத்தை எடுத்துச் சொல்லக்கூட தெரியாது என்பது வேறு விஷயம்.

முக்கிய சாட்சிகள் பல்டி அடித்தனர். 2006 பிப்ரவரியில் குற்றம் சாட்டப்பட்ட 9 பேரும் விடுதலை! நாடு கொதித்தது. அதே ஆண்டு டிசம்பரில் டெல்லி ஐகோர்ட்டு மனு சர்மாவுக்கு ஆயுள் தண்டனை கொடுத்தது. 2010-ல் சுப்ரீம் கோர்ட்டும் அதை உறுதி செய்தது. போட்டோவைக் காட்டி அடையாளம் கேட்டது தப்பில்லை, பல்டி அடிக்காத சாட்சிகளின் பேச்சு நம்பத்தக்கது என்றது.

ஆக, போட்டோ காட்டுவதே குற்றம் அல்ல. காட்டியதற்கு சாட்சி என்ன சொன்னார் என்பதை மறைப்பதுதான் குற்றம். கொய்யாத் தோப்பு வழக்கில் நடந்தது அதுதான்.

ஒரே ஒரு சாட்சி

"அப்படின்னா கண்ணால பார்த்த சாட்சியை நம்பவே கூடாதா?" என்று கேட்பீர்கள்.

அதுவும் இல்லை. 1955 நவம்பரில் முத்துப்பேட்டையில் டீக்கடைக்காரர் ஒருவர் இரவில் கொலையானார். வழக்கு நின்றது கடைக்காரரின் மனைவி சொன்ன சாட்சியத்தின் மேல்தான். அவர் ஒருவர் சொன்னதை வைத்து ஒரு உயிரைப் பறிக்கலாமா என்று சுப்ரீம் கோர்ட்டு வரை வாதாடினார்கள். 1957-ல் தூக்கு உறுதியானது.

சாட்சிகளை எண்ணக் கூடாது, எடைபோட வேண்டும் என்பதுதான் அந்த வடிவேலு தேவர் வழக்கின் தீர்ப்பு. முழுக்க நம்பத்தக்கவர் ஒருவர் போதும். முழுக்க நம்பத்தகாதவர் என்றால் தள்ளிவிட வேண்டும். இரண்டுங்கெட்டான் சாட்சி என்றால் வேறு ஆதாரம் தேட வேண்டும். நம் தஞ்சைச் சீமையில் இருந்து போன அந்த வழக்கைத்தான் இன்றும் காஷ்மீர் முதல் கன்னியாகுமரி வரை எல்லா கோர்ட்டுகளிலும் வாசிக்கிறார்கள்.

பீகார் வழக்கு ஒன்றில், நிலா இல்லாத ராத்திரியில் எப்படி முகம் தெரியும் என்று வாதாடினார்கள். மின்விளக்குக்குப் பழகிய நகரத்து கண்ணை வைத்து எடைபோடக் கூடாது, கிராமத்து ஆளுக்கு, தெரிந்தவர் கிட்டே வந்தால் நட்சத்திர வெளிச்சத்திலும் அடையாளம் தெரியும் என்றது சுப்ரீம் கோர்ட்டு. கிராமத்தில் வளர்ந்தவர்கள் தலையாட்டுவீர்கள். நடையை வைத்தே ஆளைச் சொல்லிவிடலாம். ஆனால் அது தெரிந்த ஆளுக்குத்தான். முன்பின் பார்க்காத கும்பல் ஒன்று ராத்திரியில் புகுந்து அடிக்கும்போது அந்தக் கணக்கு செல்லாது.

மும்பையில் 2008 நவம்பர் தாக்குதல் வழக்கில் இந்தச் சந்தேகத்துக்கு இடமே இல்லாமல் போனது. காலில் குண்டு பாய்ந்த சிறுமி ஒருத்தி 2009-ல் ஊன்றுகோலோடு கோர்ட்டுக்கு வந்து கசாப்பைக் காட்டினாள். அவளுக்குத் துணையாக ரெயில் நிலையத்தில் எடுத்த போட்டோவே இருந்தது. எல்லா கொலைக்கும் கேமராக்காரர் அமைவாரா? இப்போது தெருவுக்குத் தெரு சி.சி.டி.வி. இருக்கிறது. அதற்கும் முறைப்படி சான்றிதழ் வைக்காவிட்டால் கோர்ட்டில் ஏறாது.

2024 ஜூலை 1-ந் தேதி முதல் 1872-ம் ஆண்டு சாட்சிய சட்டம் போய், பாரதிய சாட்சிய சட்டம் வந்துவிட்டது. நம்பர்கள்தான் மாறின. அடையாளம் காட்டும் விஷயத்தில் விதி கிட்டத்தட்ட பழையதுதான்.

ஆல்பம் பேசியது!

மீண்டும் அந்த 6 பேரிடம் வருவோம்.

2009-க்குப் பிறகு அவர்கள் தூக்குக் கைதிகள். ராத்திரி படுத்தால் விடியுமா என்று தெரியாத வாழ்க்கை. அவர்களில் ஒருவர் சம்பவம் நடந்தபோது 18 வயதுகூட நிரம்பாதவர் என்பது பல ஆண்டுகள் கழித்துத்தான் வெளிச்சத்துக்கு வந்தது. சிறுவனுக்கு தூக்கு விதித்திருந்தார்கள்!

மறு ஆய்வு மனுக்கள் ஒருமுறை தள்ளுபடியாயின. 2018-ல் சுப்ரீம் கோர்ட்டு அதை மீண்டும் திறந்தது. நீதிபதிகள் சிக்ரி, அப்துல் நசீர், எம்.ஆர்.ஷா ஆகியோர் வழக்குக் கட்டைப் பக்கம் பக்கமாகப் பார்த்தனர்.

அங்கேதான் அந்த ஆல்பம் கிடந்தது.

2003 ஜூன் 7-ந் தேதி, அதாவது ரத்தம் காயும் முன்பு, அந்தத் தாய் 4 பேர் படங்களைக் காட்டியிருக்கிறார். அந்த 4 பேர் யார் என்று போலீசாருக்குத் தெரியும். தெரிந்த கேடிகள் என்பதால்தானே ஆல்பத்தில் படம்! அப்படி இருந்தும் அவர்கள் பிடிபடவில்லை. அந்த வாக்குமூலத்தை அரசுத் தரப்பு கோர்ட்டில் எடுத்து வைக்கவும் இல்லை. பின்னால் அதே தாய் கோர்ட்டில் இந்த 6 பேரைக் காட்டியபோது, "முதலில் வேறு ஆட்களைக் காட்டினீர்களே அம்மா?" என்று கேட்க யாருக்கும் வழி இல்லை.

அந்தத் தாயைக் குறை சொல்ல மனம் வரவில்லை. கணவரும் பிள்ளைகளும் கண்முன்னே செத்தார்கள். போலீசார் பிடித்துவந்து "இவர்கள்தான்" என்று நிறுத்துகிறார்கள். அவர் வேறு என்ன செய்வார்?

2019 மார்ச் 5-ந் தேதி தீர்ப்பு வந்தது. 6 பேரும் நிரபராதிகள்! தலைக்கு 5 லட்சம் ரூபாய் நஷ்ட ஈடு கொடுக்கும்படி மராட்டிய அரசுக்கு உத்தரவு. தவறு செய்த அதிகாரிகளைக் கண்டுபிடித்து நடவடிக்கை எடுக்கும்படியும் உத்தரவு.

ஏறத்தாழ 16 வருஷம் ஜெயிலில் கழிந்தது. 5 லட்சத்தை 16-ஆல் வகுத்தால் வருஷத்துக்கு 31 ஆயிரம் சொச்சம் வருகிறது. நாளைக்கு 85 ரூபாய்.

அந்த 4 பேரை ஏன் கூண்டில் ஏற்றவில்லை என்பதற்கு போலீசார் தரப்பில் சரியான விளக்கம் எதுவும் இல்லை என்று தீர்ப்பில் நீதிபதிகள் எழுதி இருக்கிறார்கள்.